ஒரு கண்ணை மூடச் சொன்னால்

சின்னப் பிள்ளைகளின் கண்ணைச் சோதிக்கும் தொழில் எப்படிப்பட்டது என்றால், நன்றாகத் தெரியும் பிள்ளை ஒன்றும் தெரியவில்லை என்று சாதிக்கும், ஒன்றும் தெரியாத பிள்ளை எல்லாம் தெரிகிறது என்று சாதிக்கும், இரண்டையும் அதனதன் அம்மா வழிமொழிவாள்.

நான் ஆப்டோமெட்ரிஸ்ட். அதாவது பார்வையை அளந்து கண்ணாடி எண் சொல்கிறவள். டாக்டர் இல்லை என்று எவ்வளவு சொன்னாலும் ஊரில் ‘டாக்டரே’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். திருத்திப் பார்த்து அலுத்துவிட்டேன். திருவனந்தபுரத்துக்குத் தெற்கே நெய்யாற்றின்கரைப் பக்கம் ஒரு கண் மருத்துவமனையில் வேலை. வாரத்தில் பாதி நாள் அங்கன்வாடி அங்கன்வாடியாக ஜீப்பில் சுற்ற வேண்டும். கிழக்கே ஒற்றசேகரமங்கலத்து மலையடிவாரத்தில் ஆரம்பித்தால் தெற்கே பொழியூர்க் கடற்கரை வரை எங்கள் எல்லை. ஜீப்பை ஓட்டுவதும், பட அட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்பதும், நான் கோபப்படும்போது குறுக்கே வந்து நிற்பதும் சசி அண்ணன்.

சொட்டு மருந்துப் பெட்டியோடும் கணக்கெடுப்புத் தாளோடும் வீடு வீடாக ஏறி இறங்கி, நாய்க்குப் பயந்து, ‘இன்னொரு நாள் வாங்க’ என்று கேட்டுத் திரும்பிய சகோதர சகோதரிகளே, என் பாடு உங்களுக்குப் புரியும். எனக்கு அந்த ‘இன்னொரு நாள்’ கட்டுப்படியாகாது. ஒரு கண் மட்டும் மங்கலாக இருந்தால் பிள்ளையின் மூளை அதைச் சட்டை செய்யாமல் நல்ல கண்ணை வைத்தே காலத்தை ஓட்டிவிடும். இதைச் சோம்பல் கண் என்போம். பிள்ளைக்கும் தெரியாது, வீட்டுக்கும் தெரியாது. சின்ன வயதில் பிடித்துவிட்டால் பெரும்பாலும் சரிசெய்யலாம். ஏழெட்டு வயது தாண்டிவிட்டால் ரொம்பக் கஷ்டம். அதனால் நான் கொஞ்சம் சிடுமூஞ்சி, நிறையப் பிடிவாதக்காரி. பொழியூர் ஜெஸ்னா விஷயத்தில் இரண்டுமே தேவைப்பட்டன. அதற்கு முன் சின்னதாக இரண்டு கதைகள்.

பாட்டாகப் போன அட்டை

ஒற்றசேகரமங்கலத்தில் ஓர் அங்கன்வாடி. எங்கள் அட்டையில் எழுத்து கிடையாது. ஆப்பிள், வீடு, வட்டம், சதுரம் என்று படங்கள்தான். மேலே பெரிதாகத் தொடங்கிக் கீழே போகப் போகச் சிறுத்துவிடும். பிள்ளை தள்ளி உட்கார்ந்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு சொல்ல வேண்டும். அன்றைக்கு முதல் பிள்ளை கடைசி வரி வரை தங்குதடையில்லாமல் சொன்னது. அடுத்ததும் அப்படியே. அதற்கடுத்ததும் அப்படியே. மலைக்காற்றும் முருங்கைக்கீரையும் செய்த வேலை என்று நான் பூரித்துப் போனேன். பிறகு வந்த பையன் அட்டைக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, ஜன்னல் வழியே யார் வீட்டு ஆட்டையோ பார்த்தபடி, ‘ஆப்பிள், வீடு, வட்டம், வீடு, சதுரம்’ என்று ராகத்தோடு கடைசி வரி வரை சொல்லி முடித்தான்.

விசாரித்தால், போன வருஷம் நாங்கள் வந்தபோது டீச்சர் அட்டையைப் போனில் படம் எடுத்து வைத்திருக்கிறார். தன் பிள்ளைகள் ஒன்றுகூடத் தோற்கக் கூடாது என்று அன்றிலிருந்து கைதட்டிப் பாட்டாகச் சொல்லிக் கொடுத்திருக்கிறார். தங்கமான மனுஷி, அதுதான் தொந்தரவே. ஜீப்பிலிருந்து ஒற்றைப் பட அட்டைகளை எடுத்துவரச் சொல்லி, சீட்டுக்கட்டு மாதிரி கலைத்துப் போட்டு, எல்லாப் பிள்ளைகளையும் மறுபடி முதலிலிருந்து பார்த்தேன். மத்தியானக் கஞ்சி ஆறிப்போனது. டீச்சர் கஞ்சிப் பானையையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “நான் ஒரு வருஷம் தொண்ட வறள படிப்பிச்சு வச்ச பிள்ளைகளாக்கும். நீங்க ஒரு மணிக்கூர்ல எல்லாத்தையும் கொழப்பிப் போட்டுட்டீங்களே டாக்டரே.”

உதட்டைப் படித்தவன்

காஞ்சிரங்குளத்தில் வேறு தினுசு. அங்கே பரிசோதனை நாளன்று அம்மாக்களும் பிள்ளைகளோடு வந்து உட்கார்ந்துவிடுவார்கள். நான் ஒரு பையனின் இடது கண்ணைப் பொத்திக்கொள்ள, எதிரே சசி அண்ணன் அட்டையைக் காட்டினார். பையன் அட்டையைப் பார்க்கவே இல்லை. பார்வை அண்ணனுக்குப் பக்கவாட்டில் எங்கோ போனது, ஆனாலும் பதில் சரியாக வந்தது. அந்தப் பக்கம் நானும் பார்த்தேன். அட்டையை எட்டிப் பார்க்கத் தோதாகச் சுவரோரம் நின்றுகொண்டு அவன் அம்மா, சத்தமே இல்லாமல், வாயை அகல அகலத் திறந்து ‘வ-ட்-ட-ம்’ என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

வெளியே அனுப்பினேன். அவர் ஜன்னலுக்கு அந்தப் பக்கம் போய் நின்று, கம்பிக்குள் முகத்தைப் பதித்து, அதே வேலையைச் செய்தார். சண்டைக்கு வாயெடுத்தபோதுதான் எனக்கு உறைத்தது: அவ்வளவு தூரத்தில், கம்பிக்குப் பின்னால் அசையும் உதட்டை ஒற்றைக் கண்ணால் படிக்கிற பிள்ளைக்குப் பார்வையில் என்ன குறை இருந்துவிடும்? இருந்தாலும் கடமைக்கு அம்மாவை மாமரத்தடி வரை துரத்திவிட்டு, இரண்டு கண்ணையும் ஒழுங்காகப் பார்த்தேன். குறையே இல்லை. ஜீப்பில் ஏறும்போது சசி அண்ணன் சொன்னார்: “பயலுக்கு கண்ணு ஒண்ணாந்தரம். அம்மைக்க வாய்க்காக்கும் மருந்து வேணும்.”

அப்பாவின் கண்

பொழியூர் அங்கன்வாடி முன்பு கடலுக்கு இன்னும் பக்கத்தில் இருந்தது. கடல் ஏறி ஏறி வந்ததால் இப்போது உள்ளே தள்ளி ஒரு வாடகை வீட்டின் முன்னறையில் நடக்கிறது. அங்கேதான் ஜெஸ்னா. நான்கு வயது, துறுதுறுவென்று இருப்பாள். இரண்டு கண்ணும் திறந்திருக்க எல்லாப் படமும் சொன்னாள். இடது கண்ணை மூடினேன், அப்போதும் எல்லாம் சொன்னாள். வலது கண்ணை மூடினேன். தலையைச் சாய்த்து, மூடிய துணியின் ஓரமாக எட்டிப் பார்த்தாள். தலையை நேராக்கினேன். உடனே சசி அண்ணனை விரலால் கூப்பிட்டாள். “கிட்ட வா மாமா.” அண்ணன் ஒரு எட்டு வந்தார். “இன்னும் வா.” இருப்பதிலேயே பெரிய படம் அது. கைக்கு எட்டும் தூரத்தில் வந்து நின்ற பிறகுதான் ‘வீடு’ என்றாள்.

மருத்துவமனைக்கு வரச் சொல்லிச் சீட்டுக் கொடுத்தேன். வரவில்லை. போன் பண்ணினேன், ‘வாறோம்’ என்றார்கள், அப்போதும் வரவில்லை. வீட்டுக்கே போனேன். அம்மா ஷீபா மீன் விற்கப் போயிருந்தார். அப்பா கிளீட்டஸ் அண்ணன் வாசலில் தூண்டில் கயிற்றுக்குச் சிக்கெடுத்துக்கொண்டிருந்தார். அவர் கண்ணுக்கு அந்த ஊரில் ஒரு பேர் உண்டு. மீன் கூடும் பாறை கடலுக்கடியில் எந்த இடத்தில் இருக்கிறது என்று கருவி ஒன்றும் இல்லாமல் சொல்லிவிடுவார்; அவர் படகு நிற்கும் இடத்தில்தான் மற்றவர்களும் தூண்டில் இறக்குவார்கள். அப்பேர்ப்பட்டவரிடம் போய் உங்கள் மகளுக்கு ஒரு கண் சரியாகத் தெரியவில்லை என்றேன். சொல்லி முடிக்கும்வரை கயிற்றைவிட்டுத் தலை நிமிரவில்லை. பிறகு சொன்னார்: “கடல்ல எனக்க படகு ஒரு பொட்டு போல வரும்போதே, அப்பா வந்தாச்சுன்னு சொல்லுறவளாக்கும் எனக்க மவ. அவளுக்கா கண்ணு தெரியாது? வேற வீடு பாருங்க டாக்டரே.”

மலையும் கோபுரமும்

வேறு வீடு பார்க்கும் ரகம் நான் இல்லை. அடுத்த தடவை போனபோது கடலுக்குப் போயிருக்கிறார் என்றார்கள். அதற்கடுத்த தடவை தூங்குகிறார் என்றார்கள். உள்ளே அவர் போனில் சிரித்துப் பேசும் சத்தம் வாசல் வரை கேட்டது. சரிதான், விடாக்கண்டன் கொடாக்கண்டன் கதை என்று நினைத்துக்கொண்டு, படகுகள் கரையேறும் காலை நேரத்துக்கே கடற்கரைக்குப் போனேன். ஜீப்பை மணலில் இறக்கமாட்டேன் என்றார் சசி அண்ணன். செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடந்தேன். ஜெஸ்னா அப்பாவின் காலைக் கட்டிக்கொண்டு நின்றாள். நான் கண்ணைப் பற்றிப் பேச்செடுக்கவே இல்லை. கடலுக்கடியில் இருக்கும் பாறையை எப்படி அண்ணே கண்டுபிடிக்கிறீங்க என்று மட்டும் கேட்டேன். மனுஷருக்கு முகம் மலர்ந்துவிட்டது.

அதற்குப் பேர் கணிச்சமாம். கடலில் இருந்து பார்க்கும்போது தேவாலயக் கோபுரமும் தூரத்து மலையும் ஒரே கோட்டில் வர வேண்டும். இன்னொரு பக்கம் மொபைல் டவரும் ஒரு தென்னந்தோப்பின் முனையும் ஒரு கோட்டில் வர வேண்டும். இரண்டு கோடும் வெட்டும் இடத்தில் படகு நின்றால் அடியில் பாறை. சொல்லிக்கொண்டே ஒரு கண்ணை உள்ளங்கையால் பொத்தி, கோபுரத்தை நோக்கி மறு கையை நீட்டிக் காட்டினார். எந்தக் கண்ணை மூட வேண்டும் என்று கேட்டேன். “ரெண்டும் நல்ல கண்ணுன்னா எத மூடினா என்ன?” என்று சிரித்தார். “அப்போ பிள்ளைக்கும் ஒண்ணு மாத்தி ஒண்ணு மூடிப் பாருங்க அண்ணே,” என்றேன்.

சிரிப்பு நின்றது. சுற்றிலும் ஆட்கள், மாட்டேன் என்று சொல்ல முடியவில்லை. மகளை மணலில் நேராக நிறுத்தி, இடது கண்ணைப் பொத்தினார். கரையேற்றியிருந்த ஒரு படகைக் காட்டி, அதில் என்ன வரைந்திருக்கிறது என்று கேட்டார். “மீனு.” அடுத்ததில்? “நச்சத்திரம்.” அவர் என்னைப் பார்த்த பார்வையில் நான் பாதியாகிப் போனேன். பிறகு வேறு இரண்டு படகுகளைக் காட்டி, வலது கண்ணைப் பொத்தினார். ஜெஸ்னா ஒன்றும் சொல்லவில்லை. முகத்தை இந்தப் பக்கம் திருப்பினாள், அந்தப் பக்கம் திருப்பினாள், இரண்டு கையாலும் அப்பாவின் கையைப் பிடித்து இழுத்தாள், கடைசியில் அழுதுகொண்டே தட்டிவிட்டாள். மறுபடியும் இடதைப் பொத்தினார், சும்மா நின்றாள். வலதைப் பொத்தினார், கையைத் தட்டினாள். ஜெயித்ததில் எனக்குச் சந்தோஷம் இல்லை. அவர் கையை லுங்கியில் துடைத்துக்கொண்டு மெதுவாகச் சொன்னார்: “எனக்க கைய இவ தட்டிவிட்டது இதாக்கும் முதல் தடவ. ஆஸ்பத்திரிக்கு எந்த பஸ்சுல வரணும் டாக்டரே?”

விடிய விடிய

மருத்துவமனையில் கண்ணாடி எழுதிக் கொடுத்தார்கள். அதோடு தினமும் இரண்டு மணி நேரம் வலது கண்ணை ஒட்டுத்துணியால் மூடி, சோம்பல் பிடித்த இடது கண்ணை வேலை வாங்க வேண்டும் என்று எங்கள் கண் டாக்டர் சொன்னார். “நல்ல கண்ணையா மூடணும்?” என்று ஷீபா திரும்பத் திரும்பக் கேட்டு உறுதி செய்துகொண்டார். ஏலத்தில் மீன் எடுத்து, கழுவி, பிரித்து, ஊருக்குள் தலைச்சுமையாகக் கொண்டுபோய் விற்கிற பெண்; சொன்ன வேலையைச் சொன்னபடி செய்து பழகியவர். எனக்கு நிம்மதியாக இருந்தது.

மறு பரிசோதனைக்கு வந்தார்கள். இடது கண்ணில் இம்மிகூட மாற்றமில்லை. ஒட்டினீர்களா என்று கேட்டேன். தீர்ந்துபோன ஒட்டுத்துணியின் உறைகளை ஒரு கவரில் போட்டுக் கொண்டுவந்திருந்தார் ஷீபா, நான் நம்பமாட்டேன் என்று. டாக்டர் உதட்டைப் பிதுக்கினார். அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. இவ்வளவு தூரம் இழுத்து வந்து கைவிடுவதா என்று ஆத்திரமாக வந்தது, யார் மேல் என்றுதான் தெரியவில்லை. மறுநாளே பொழியூருக்குப் போய், எப்படி ஒட்டுகிறீர்கள், எப்போது எடுக்கிறீர்கள் என்று ஒவ்வொன்றாகத் துருவினேன். ஷீபா பெருமையோடு சொன்னார்: “முழிச்சிருக்கும்போ ஒட்டினா அழுவாளே அக்கா. அதனால ஒறங்கின ஒடனே ஒட்டுவேன், காலையில எடுப்பேன். நீங்க ரெண்டு மணிக்கூர்தான் சொன்னீங்க, நான் விடிய விடிய வச்சேன். ஒரு நாளு கூட மொடக்கல்ல.”

நெத்தோலிக் குவியல்

இதைக் கேட்டுச் சிரிப்பதா அழுவதா, நீங்களே சொல்லுங்கள். நான் முதலில் சிரித்து, பிறகு ஜீப்பில் உட்கார்ந்து அழுதேன். சும்மா போன மாதங்களை யாரிடம் போய்க் கேட்பது? தூங்கும்போது திறந்திருக்க வேண்டிய கண்ணும் சேர்ந்து தூங்கிவிடும் என்பதை ஷீபாவுக்குப் புரிய வைத்தேன். புரிந்ததும் அவர் முகம் செத்துப்போனது. அன்றிலிருந்து பகல் சண்டை ஆரம்பமானது. ஒட்டினால் ஜெஸ்னா பிய்ப்பாள். அங்கன்வாடியில் ஒட்டிவிட்டால், அழுகிறாளே பாவம் என்று டீச்சர் பிய்த்துவிடுவார். வண்ணம் தீட்டும் புத்தகமும் கோக்கிற பாசிமணியும் வாங்கிக் கொடுத்தேன். மணிகளை ஆட்டின் மேல் எறிந்து தீர்த்தாள். நான் வாராவாரம் போனேன். ‘மேடம், இந்த ரோட்டுல ஜீப்பு தானா ஓடும்’ என்று சசி அண்ணனே அலுத்துக்கொள்ளும் அளவுக்குப் போனேன்.

ஒரு நாள் ஷீபா முற்றத்தில் நெத்தோலிக் குவியலுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். நெத்தோலியோடு குட்டி இறாலும் நண்டும் கலந்து கிடக்கும், பொறுக்கிப் பிரித்தால்தான் விற்க முடியும். ஜெஸ்னா குவியலுக்குள் கையை விடுவதும், அம்மா கையில் அடிப்பதுமாக இருந்தது. பொடிப் பொடி சாமான், கூர்ந்து பார்க்க வேண்டிய வேலை, பிள்ளைக்கும் அதன் மேல் கொள்ளை ஆசை. இதைவிட நல்ல பயிற்சி எந்த ஆஸ்பத்திரியில் இருக்கிறது? வலது கண்ணை மூடினால் குவியலைத் தொடலாம், பிய்த்தால் எழுந்து போக வேண்டும் என்று அங்கேயே சட்டம் போட்டேன். முதல் நாள் மூக்கு மீனில் படுமளவுக்குக் குனிந்து, எல்லாவற்றையும் தப்புத்தப்பாகப் போட்டாள். ஷீபா பல்லைக் கடித்துக்கொண்டு திரும்பப் பொறுக்கினார். ஆனால் ஜெஸ்னா ஒட்டுத்துணியைப் பிய்க்கவில்லை. வாரங்கள் போகப் போகத் தலை கொஞ்சம் கொஞ்சமாக நிமிர்ந்தது. கண்ணாடியெல்லாம் செதில். ஒரு தடவை நானும் உட்கார்ந்து உதவி செய்ய, நான் போட்டதை எடுத்து என் முகத்துக்கு நேரே காட்டி ஜெஸ்னா கேட்டாள்: “இது எறாலாக்கும். உங்களுக்கு கண்ணு தெரியாதா டாக்டரே?”

மழைக்காலம்

அந்த வருஷத்து மழைக்குக் கடல் சும்மா இருக்கவில்லை. கிளீட்டஸ் அண்ணன் வீட்டின் பின்சுவரும் அடுக்களையும் போய்விட்டன, தெருவோடு எல்லோரையும் பள்ளிக்கூட முகாமுக்கு மாற்றியிருக்கிறார்கள் என்று செய்தி வந்தது. நெத்தோலி இல்லை, முற்றம் இல்லை. வீடு போனவர்களிடம் போய்க் கண்ணுக்கு ஒட்டினீர்களா என்று கேட்க எனக்கே வாய் வரவில்லை. என் பிடிவாதத்துக்கும் ஓர் எல்லை உண்டு என்று அன்றுதான் தெரிந்தது.

மறுநாள் காலை மருத்துவமனை திறக்கும்போது கிளீட்டஸ் அண்ணன் வராந்தாவில் நின்றார். நனைந்த சட்டை, கையில் நனைந்த பை. ஒட்டுத்துணிப் பெட்டி தண்ணீரில் போய்விட்டது, வேறு வேண்டும் என்றார். முகாமில் அரிசியில் கல் பொறுக்க ஜெஸ்னாவை உட்கார்த்தியிருக்கிறாராம். முதலில் வீட்டைப் பாருங்கள் அண்ணே, இது கொஞ்ச நாள் நிற்கட்டும் என்று நானே, இந்த வாயாலேயே, சொன்னேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். “சுவரு எப்ப வேணும்னாலும் கட்டலாம். இதுக்கு வயசு தாண்டக் கூடாதுன்னு நீங்கதானே எனக்கிட்ட தொண்ட கிழிய சொன்னீங்க?”

மிச்சம் இரண்டு வரி

ஜெஸ்னா இப்போது ஒன்றாம் வகுப்பு. போன மாதம் பரிசோதனைக்கு வந்தாள். வலது கண்ணை மூடி, கலைத்த அட்டைகளை வைத்தே பார்த்தேன்; மனப்பாடத்துக்கு இடம் கொடுக்கவில்லை. முதல் படத்துக்கே சசி அண்ணனைக் கிட்டக் கூப்பிட்ட இடது கண், இருந்த இடத்திலிருந்தே ஒவ்வொரு அளவாக இறங்கி வந்து, கடைசி இரண்டு அளவில்தான் தடுமாறியது. நம்பாமல் மறுபடி பார்த்தேன். அதேதான். டாக்டர் என் தோளைத் தட்டினார். நான் வெளியே ஓடி வந்து, இவ்வளவு வந்ததே பெரிய காரியம் அண்ணே, கிட்டத்தட்ட முடிஞ்ச மாதிரிதான் என்று கண்ணீரோடு சொன்னேன். கிளீட்டஸ் அண்ணன் கையெடுத்துக் கும்பிடுவார், குறைந்தபட்சம் ஒரு பாறைமீனாவது கொடுத்தனுப்புவார் என்று எதிர்பார்த்தேன். நான் காட்டிய வரி அட்டையை அவர் வாங்கி, அவள் தடுமாறிய கீழ் இரண்டு வரியையும் விரலால் தடவிப் பார்த்தார். “ரெண்டு வரி மிச்சம் கெடக்கே. பாதி வலிச்ச வலைய கடல்ல விட்டுட்டு ஆரும் வீட்டுக்குப் போறதில்ல டாக்டரே. அடுத்தது எப்ப வரணும்?”

ஆகவே நண்பர்களே, ஒரு பிள்ளைக்குக் கண்ணாடி எழுதக் கால் மணி நேரம் போதும். அது மூக்கில் நிற்பதற்குத்தான் அப்பா, அம்மா, டீச்சர், ஜீப் டிரைவர், ஒரு கூடை நெத்தோலி எல்லாம் சேர்ந்து தாங்கிப் பிடிக்க வேண்டியிருக்கிறது.